ஒன்பதாவது கேமரா

செத்துப்போன மனைவியின் படத்தை நெஞ்சோடு பிடித்துக்கொண்டு தையல்காரர் ஜன்னலோர நாற்காலியில் உட்கார்ந்தார். எங்கே உட்கார வேண்டும் என்று இப்போதெல்லாம் யாரும் அவருக்குச் சொல்லித்தர வேண்டியதில்லை. ஆறு நாளில் எட்டுக் கேமராக்காரர்கள் வந்து போய்விட்டார்கள். ஒருவர் தலையைச் சாய்க்கச் சொன்னார். இன்னொருவர் பாத்திரங்களை ஒளித்துவைக்கச் சொன்னார். வீடு வெறிச்சென்று இருந்தால்தான் துக்கம் எடுப்பாகத் தெரியுமாம். துக்கத்துக்கு அளவெடுக்கிறவர்களை அவர் இப்போதுதான் பார்க்கிறார்.

"இன்னும் ஒருத்தர்தான் மாப்பிள்ளை," என்றார் மனைவியின் அண்ணன். "படம் வந்துக்கிட்டே இருந்தாத்தான் கேஸ் நிக்கும். இல்லன்னா கிடங்குக்காரன் கையைக் கழுவிட்டுப் போயிடுவான்."

அதுவும் உண்மைதான். பெட்டி அடுக்கும் வேலைக்குப் போன மனைவி தீயில் சிக்கியபோது கிடங்கின் பின்கதவு வெளிப்பக்கம் பூட்டியிருந்தது. முதல் படம் பத்திரிகையில் வந்த பிறகுதான் போலீஸ் அந்தப் பக்கம் எட்டிப் பார்த்தது. ஆகவே எட்டுப் பேருக்கும் அழுதுகொடுத்தார். அவர்கள் போனதும் கண் காய்ந்துவிடும். தனியாகப் படுத்து அழப் பார்த்தாலும், முகம் எந்தப் பக்கம் திரும்பியிருக்கிறது என்றே நினைப்பு ஓடியது. அவளுக்கென்று ஒரு சொட்டுக்கூட மிச்சமில்லையே என்று தன் மேலேயே வெறுப்பாக இருந்தது.

ஒன்பதாவதாக வந்தவள் ஒரு சின்னப் பெண். அவர் கண்ணைக் கசக்கத் தொடங்கியதும், "வேண்டாம்ண்ணே" என்று கேமராவை மூடிப் பையில் வைத்தாள். கொடுத்த தண்ணீரை வாங்கிக் குடித்தாள். பிறகு அவர் சட்டையைக் காட்டி, "தையல்காரர் சட்டையில பொத்தான் இப்படியா தொங்கும்?" என்றாள்.

அவர் குனிந்து பார்த்தார். வெள்ளைச் சட்டையில் பச்சை நூல்.

"என் வீட்டுக்காரி தைச்சது. ஊர்ச் சட்டையெல்லாம் தைக்கிறீங்க, உங்க சட்டைக்கு நேரமில்லையான்னு பிடுங்கிட்டுப் போய்... ஊசியில நூல் கோக்கவே தெரியாதும்மா அவளுக்கு. பிரிச்சுத் தைக்கணும்னு நானும்..."

தொண்டையிலிருந்து வந்த சத்தம் அவருக்கே புதிதாக இருந்தது. மூக்கு ஒழுக, வாய் கோணி, வெளிச்சத்துக்கு முதுகைக் காட்டிக்கொண்டு அழுதார்.

அந்தப் பெண் கேமராப் பையைத் தொடவில்லை. கதவோரம் மச்சான் நிற்பது தெரிந்தது. உடனே அவருக்குக் கேஸ் ஞாபகம் வந்தது.

"கேமராவை எடும்மா," என்றார் விக்கலுக்கு நடுவே. "சீக்கிரம். நின்னுடப் போகுது."