பெட்டிக்குப் பின்னிய ரேந்தை

என் மனுசன் ஹெக்டருக்குப் பாரிசவாதம் வந்து இரண்டு வருடமாகிறது. வலக்கை போனது, பேச்சும் போனது. வாயில் மிஞ்சியவை மூன்று சொற்கள்: ஓம், இல்ல, போ. அந்த மூன்றை வைத்துக்கொண்டே அவர் என்னோடு நாள் முழுக்கச் சண்டை பிடிப்பார் என்பது வேறு விஷயம். இடக்கை மட்டும் நன்றாக இருந்தது. அந்தக் கையால் அவர் ரயில் விட்டார்.

உண்மை ரயில் இல்லை, பிள்ளைகளே. கொம்பியூட்டரில் ஓடுகிற ஒரு பழைய கேம். மகள் கொழும்பில் படித்த காலத்தில் வாங்கி, பிறகு மறந்துபோய் விட்டுச்சென்ற சீடி. தண்டவாளம் போட வேண்டும், பாலம் கட்ட வேண்டும், காட்டில் மரத்தை ஏற்றி ஆலையில் இறக்க வேண்டும். என்னுடைய மனுசன் வாழைச்சேனை கடதாசி ஆலையில் முப்பது வருடம் நின்றவர். கேமில் அவர் முதலில் கட்டியதே ஒரு கடதாசி ஆலைதான். அந்த ஆலைக்கு ரயில் வந்து நிற்கும்போது அவர் முகத்தைப் பார்க்க வேண்டும். வேறு எதற்கும் அந்த முகம் அப்படி ஆவதில்லை.

அந்த முகத்துக்காகத்தான் நான் முதன்முதலில் நிஸ்தாரிடம் போனேன்.

நிஸ்தார் ஏறாவூரில் கொம்பியூட்டர் திருத்துகிறவர். நாற்பது வயதிருக்கும். தன்னாமுனையில் எங்கள் ஆட்களுக்கு எது பழுதானாலும் அவரிடம்தான் போவோம். அப்போது கேமுக்கு இருந்த வருத்தம் இது: ஹெக்டர் நல்ல உசாராக விளையாடிக்கொண்டிருப்பார், படக்கென்று கேம் தானாக மூடிக்கொள்ளும். ஒரு சொல் சொல்லாது, ஒரு எழுத்துக் காட்டாது. காலையிலிருந்து போட்ட பாலம் போய்விடும். பெட்டியை ஓட்டோவில் ஏற்றி மடியில் வைத்துக்கொண்டு போனேன்.

நிஸ்தார் அதைப் பார்த்துச் சிரித்தார்.

"அம்மா, இந்த கேம் செஞ்ச காலத்தில கொம்பியூட்டருக்கு மூளை ஒண்டுதான். உங்கட பெட்டியில நாலு இரிக்கி. நாலும் ஒரே நேரத்தில கதைச்சா இது பயந்து ஓடிருது."

"அப்ப மத்த மூணு பேரையும் வாயப் பொத்தச் சொல்லுங்க தம்பி."

"அதத்தான் செய்யப் போறன்."

ஒரு நேரத்தில் ஒன்றை மட்டும் மாற்றுவார். மாற்றியதைக் கொப்பியில் எழுதுவார். பிறகு கேமை ஓடவிட்டுப் பார்ப்பார். சரிவரவில்லையென்றால் மாற்றியதைத் திரும்பப் பழையபடி வைத்துவிட்டு அடுத்ததைத் தொடுவார். "ரெண்ட ஒண்டா மாத்தினா, எது சுகமாக்கினதெண்டு தெரியாமப் போயிரும்மா" என்றார். பழைய விண்டோஸ் என்று கேமை நம்பவைத்தார். ஒரே மூளையில் ஓடும்படி கட்டிவைத்தார். கேம் மூடவில்லை. பெட்டியை என்னிடம் தரும்போது, "காத்து நல்லாப் போய்வர வையுங்க" என்றும் சொன்னார்.

நான் சொன்னதைச் செய்கிறவள். வீட்டில் காற்று வருகிற இடம் வாவிப் பக்கத்து ஜன்னல்தான். மேசையை இழுத்து அந்த ஜன்னலடியில் போட்டேன். போட்ட பிறகு யோசனை வந்தது. அந்த ஜன்னல் கம்பியை உப்புக்காற்று தின்று வைத்திருந்தது. கம்பியையே தின்கிற காற்று இந்தப் பெட்டியை விடுமா?

எங்கள் வீடுகளில் ரேடியோவுக்கும் நூலில் பூப்பின்னிய ரேந்தை உறை, டீவிக்கும் ரேந்தை, மாதா சுரூபத்தின் மேசைக்கும் ரேந்தை. கையில் ஊசியும் நூலும் இருக்கிறவள் பெட்டியைச் சும்மா விடுவாளா? இரண்டு கிழமை இருந்து பின்னினேன். வெள்ளை நூலில் திராட்சைக்குலைப் பூ. உப்பு உள்ளே போகாமல் இருக்க உட்பக்கம் தடித்த லைனிங் வைத்துத் தைத்தேன். உச்சியிலிருந்து அடிவரை, முன்னும் பின்னும், கன்னியாஸ்திரியின் உடுப்புப்போல மூடிக்கொண்டது. தட்டுகிற பொத்தானுக்கு மட்டும் ஒரு சின்ன வாசல்.

பார்த்தவர்கள் எல்லாம் கேட்டார்கள். பக்கத்து வீட்டு மேர்லினுக்கு ஒன்று, இன்னும் இரண்டு வீடுகளுக்கு ஒவ்வொன்று பின்னிக் கொடுத்தேன். எனக்கு அவ்வளவு பெருமை.

என் பெட்டிக்கு அந்த உடுப்பைப் போட்ட கிழமையே கேமுக்கு வேறு வருத்தம் வந்திருந்தது. இப்போது அது மூடிக்கொள்ளவில்லை. அரைமணித்தியாலம் நன்றாக ஓடும். பிறகு ரயில் பாலத்தின் நடுவில் அப்படியே நின்றுவிடும். படம் அசையாது. பாட்டு மட்டும் ஒரே சத்தத்தில் இழுத்துக்கொண்டு நிற்கும். மௌஸை ஆட்டினாலும் இல்லை, தட்டினாலும் இல்லை. கரண்டைப் பிடுங்கினால்தான் அடங்கும்.

ரேந்தையைக் கழற்றி மடித்து வைத்துவிட்டு, பெட்டியை மட்டும் ஏறாவூருக்குக் கொண்டுபோனேன். ஓட்டோ அழுக்கு அதில் பிரளக்கூடாதல்லவா?

நிஸ்தார் கடையில் கேம் மூன்று மணித்தியாலம் நிற்காமல் ஓடியது. வீட்டுக்குக் கொண்டுவந்து, ரேந்தையைப் போட்டு, ஹெக்டரை இருத்தினேன். அரைமணித்தியாலம். நின்றது. மறுபடி கடை. மறுபடி நாள் முழுக்க ஓடியது. நிஸ்தார் மின்விசிறியை மாற்றினார், உள்ளே தூசு தட்டினார், கொப்பியைப் புரட்டிப் புரட்டிப் பார்த்தார்.

"எனக்கு விளங்குதில்லம்மா. இஞ்ச நிக்கல்ல, அங்க நிக்கிது. நான் உங்கட வீட்டுக்கு வந்து ஒருக்காப் பாக்கட்டா?"

பிள்ளைகளே, இந்த இடத்தில் நான் "வாங்க தம்பி" என்று சொல்லியிருந்தால் இந்தக் கதையே இல்லை. நான் சொன்னது, "வேணாம்." முகத்தைக் கல்லாக்கி வைத்துக்கொண்டு சொன்னேன். ஏனென்றால் என் மனதில் ஒரு கணக்கு ஓடியது. முதலில் நிற்கவில்லை, இவர் கைவைத்த பிறகுதான் நிற்கிறது. அப்படியென்றால் உள்ளே இருந்த நல்ல சாமானைக் கழற்றிவிட்டு வேறு ஏதோ பழசைப் போட்டிருக்கிறார்.

ஞாயிறு பூசை முடிந்து, கோயில் பக்கத்துக் குழாயடியில் மேர்லினிடம் அதைச் சொன்னேன்.

"உங்களுக்கும் அப்பிடியா அக்கா? என்ட பெட்டியும் இப்ப ஸ்டக் ஆகிறதுதான். அதுவும் அவரிட்டப் போய் வந்ததுதானே!"

"அப்ப பாரன்."

"ஐயோ, நம்பித்தானே குடுத்தம்."

மேர்லினுக்கு நல்ல குரல். பாடகர் குழுவில் முன்வரிசை. அடுத்த ஞாயிறுக்குள் ஊருக்கே தெரிந்தது. எங்கள் வாசிகசாலைக்கு யாரோ கொடுத்த ஆறு பழைய கொம்பியூட்டர்களை நிஸ்தாரிடம் திருத்தக் கொடுப்பதாக இருந்தார்கள். அதை நிறுத்தி, டவுனில் வேறொருவரிடம் கொடுத்தார்கள். மேர்லின் அந்தச் செய்தியைச் சொல்ல வீட்டுக்கு வந்தபோது ஹெக்டர் கேட்டுக்கொண்டிருந்தார். மேசையில் இடக்கையால் அடித்து, "இல்ல, இல்ல" என்றார். தேத்தண்ணி வேண்டாம் என்கிறார் என்று எடுத்துக்கொண்டேன். அப்படி எடுத்துக்கொள்வது எனக்கு வசதியாக இருந்தது.

அதன் பிறகு அவர் கேம் பக்கம் போகவில்லை. ஜன்னலடியில் இருந்து வாவியைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

திருநாள் வந்தது. திருநாளுக்கு முன் வீட்டிலுள்ள ரேந்தை எல்லாவற்றையும் தோய்த்துக் கஞ்சி போடுவது வழக்கம். தோய்த்துப் போட்டேன், மழை பிடித்துக்கொண்டது. மூன்று நாள் எதுவும் காயவில்லை. மழையில் வாவியும் தெரியாமல் போக, ஹெக்டர் மெல்லத் திரும்பி கேமைத் தட்டினார். அரைமணித்தியாலம் போனது. ஒரு மணித்தியாலம் போனது. நான் அடுப்படியில் பாட்டு இழுக்கும் சத்தத்துக்குக் காத்திருந்தேன். வரவில்லை. அன்றும் இல்லை, அடுத்த நாளும் இல்லை, அதற்கடுத்த நாளும் இல்லை. ரயில் பாலத்தைத் தாண்டிக் கடதாசி ஆலைக்குப் போய்க்கொண்டே இருந்தது.

"தம்பி கைவைச்சது இப்பதான் வேலை செய்யுது போல" என்று எனக்கு நானே சொன்னேன்.

நாலாம் நாள் வெயில். காய்ந்த ரேந்தையைக் கொண்டுபோய்ப் பெட்டிக்கு உடுத்தினேன். நாற்பது நிமிடத்தில் ரயில் நின்றது.

கை தானாகப் போய் ரேந்தையின்மேல் பட்டது. உடனே எடுத்துக்கொண்டேன். அடுப்பிலிருந்து இறக்கிய சட்டிபோல இருந்தது.

நிஸ்தார் செய்வதுபோலச் செய்தேன். ஒன்றை மட்டும் மாற்றினேன். கழற்றினேன், ஓடியது. போட்டேன், நின்றது. கழற்றினேன், ஓடியது. மூன்றாம் தரம் போட எனக்குக் கை வரவில்லை. ஹெக்டர் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். அவருக்கு எப்போது விளங்கியது என்று எனக்குத் தெரியாது. எனக்கு முன்னரே விளங்கியிருக்கும்.

உடனே ஓடிப்போய்ச் சொன்னேன் என்று உங்களுக்குச் சொல்ல ஆசைதான். போகவில்லை. ரேந்தையை அலுமாரிக்குள் ஒளித்துவிட்டுப் பதினொரு நாள் இருந்தேன். மேர்லின் கேட்டபோது, "அது தானாச் சரியாப் போச்சு" என்றேன். குழாயடியில் நின்று வேறு கதை கதைத்தேன். பூசையில் நற்கருணை வாங்கப் போகாமல், முழங்கால் நோகிறது என்று பின்வரிசை வாங்குப் பலகையில் இருந்தேன்.

பன்னிரண்டாம் நாள் காலையில் ஹெக்டர் அலுமாரிக் கதவைத் திறந்து, ரேந்தையை இழுத்தெடுத்து என் மடியில் போட்டார். கையை ஏறாவூர்ப் பக்கம் நீட்டினார்.

"போ" என்றார்.

நிஸ்தாருடைய கடையில் அன்று ஆட்கள் இல்லை. நான் ரேந்தையை மேசையில் விரித்தேன். எப்போது பின்னினேன், எப்போது போட்டேன், கடைக்கு வரும்போது ஏன் கழற்றினேன் எல்லாம் சொன்னேன். அவர் லைனிங்கைத் தடவிப் பார்த்தார். பிறகு கொப்பியை எடுத்துப் பக்கம் தேடி, பேனையால் ஒரு கோடு போட்டார்.

"நான் ராவாப் பகலா இதத்தான் யோசிச்சன்மா. என்ட கையில பிழையெண்டு நினைச்சன். ஒரு நட்டைக் கழட்டினாலும் ரெண்டு தரம் பாக்கிற ஆளாப் போயிட்டன்."

"தம்பி, அது மட்டுமில்ல. நான் உங்களப் பத்தி..."

"தெரியும்."

"தெரியுமா?"

"ஏறாவூருக்கும் தன்னாமுனைக்கும் எவ்வளவு தூரம்மா? ரெண்டாம் நாளே வந்திட்டுது. சாமான் மாத்திறவன் எண்டு."

நான் அழுதேன். அவர் ஒரு கதிரையை இழுத்துப் போட்டார், ஆறுதல் சொல்லவில்லை. அதுவும் சரிதான்.

"எனக்கிட்டச் சொன்னது நல்லம்மா" என்றார். "ஆனா எனக்கு இது முதலே தெரியும்தானே, நான் எடுக்கல்ல எண்டு. தெரியாத ஆக்களுக்கல்லவா சொல்லணும்."

அந்த ஞாயிறு குழாயடியில் சொன்னேன். எல்லாரும் கேட்கத்தான் சொன்னேன்.

"அட, விடுங்க அக்கா" என்றாள் மேர்லின். "அந்தக் கதைய ஆரு இப்ப நினைச்சிக்கிட்டு இரிக்காங்க? வாங்க, வெயில் ஏறுது."

அவ்வளவுதான். ஒருவரும் அதைத் தூக்கிக்கொண்டு போகவில்லை. நான் அவதூறு சொன்ன அன்று எல்லாருக்கும் கால் முளைத்திருந்தது. உண்மையைச் சொன்ன அன்று எல்லாருக்கும் வெயில்.

அப்போதுதான் நான் பின்னிக் கொடுத்த மற்ற மூன்று ரேந்தைகளும் நினைவுக்கு வந்தன. பின்னேரம் ஒரு உரப்பையை எடுத்துக்கொண்டு புறப்பட்டேன். இரண்டு வீடுகளில் வாசலில் நின்றே சொல்லி, கழற்றி வாங்கிக்கொண்டேன். சங்கடப்பட்டார்கள், தேத்தண்ணி தந்தார்கள், நான் குடிக்கவில்லை. கடைசியாக மேர்லின் வீடு.

"இதக் கழட்டுறதா? எவ்வளவு வடிவாக் கிடக்கு. தரமாட்டன்."

"மேர்லின், உன்ட பெட்டி ஸ்டக் ஆகிறதும் இதாலதான். தொட்டுப் பார்."

தொட்டாள். கையை உதறினாள். முகம் மாறியது.

"அப்ப நாலு மாசமா என்ட பெட்டியப் பழுதாக்கினது நீங்களா? நான் அந்த மனுசன ஏசி... இந்த மனுசிட ரேந்தைய நம்பி! மகள்ர சோதனைப் பாடமெல்லாம் இதுக்குள்ள கிடக்கு!"

"ஓம். நான்தான்."

"ஓமாம்! நிண்டு ஓம் எண்டுறா!"

பிள்ளைகளே, மூன்றே நாளில் என் கதை ஊருக்குத் தெரிந்தது. செபஸ்தியம்மா ரேந்தை போட்டுக் கொம்பியூட்டர்களைச் சாகடிக்கிறா, பிறகு பழியைத் திருத்துகிறவர் தலையில் போடுறா. மீன் வாங்கப் போன இடத்தில் ஒருத்தி தன் கைப்பேசியை மறைத்து, "இதுக்கு ஒரு சட்டை பின்னிராதீங்க ஆச்சி" என்றாள். எல்லாரும் சிரித்தார்கள். நானும் நின்று சிரித்தேன். நிஸ்தாருடைய நல்ல பெயர் அந்தச் சிரிப்போடு வீடு வீடாகத் திரும்பிப் போய்க்கொண்டிருந்தது. நான் சொன்னால் போகாதது, என்னைப் பற்றிச் சொன்னால் போகிறது.

அடுத்த கிழமை நிஸ்தார் எனக்குப் போன் எடுத்தார்.

"அம்மா, உங்கட ஊரிலரிந்து ஒரு பெட்டி வந்திரிக்கி. மேர்லின் எண்டு ஒராள் கொண்டு வந்தா. ஃபேனுக்குள்ள வெள்ளை நூல் ஒரு முழம் சுத்திக் கிடந்திச்சு."

"என்ட நூல்தான் தம்பி."

"தெரியும். எடுத்து வைச்சிரிக்கன்." சிரித்த மாதிரித்தான் இருந்தது.

"வாசிகசாலைக் கொம்பியூட்டர், தம்பி?"

"அது முடிஞ்சிது. அவர் திருத்திக் குடுத்திட்டாராம். நல்ல வேலைகாரன் அவரும்."

போனை வைத்தேன். அந்த ஆறு பெட்டிகளும் இனித் திரும்பி வராது. உள்ளே கேமில் ரயில் கூவியது. ஹெக்டர் இடக்கையால் என்னைக் கூப்பிட்டார், வந்து பார் என்று. பாலத்தைத் தாண்டி ஆலைக்குப் பக்கத்தில் ரயில் வந்துகொண்டிருந்தது. அவருக்கு அந்த முகம். பக்கத்தில் பெட்டி உடுப்பில்லாமல், கறுப்பாக, தூசியோடு இருந்தது. அதன் முதுகிலிருந்து சூடான காற்று என் கையில் பட்டது. நான் கையை எடுக்கவில்லை.