ஜெராக்ஸ் கடைப் பெண்ணின் நகல்

கல்லூரி இரண்டாம் வருடம், ஒரு மழை நாள் பிற்பகலில், ஜெராக்ஸ் கடையில் வேலை பார்த்த பெண் இரண்டு பேரானாள். காலையில் வகுப்பு, பிறகு கடை என்று ஓடிய அசதியில், இயந்திரத்தின் சூடான கண்ணாடியில் கன்னத்தை வைத்துக் கண்ணயர்ந்தவளின் முழங்கை பொத்தானில் பட்டுவிட்டது. தாள் வந்து விழும் பக்கத்திலிருந்து அவளே இறங்கி வந்தாள், கறுப்பு வெள்ளையில். "மூடிய மூடாம காப்பி எடுத்தா இப்படித்தான் ஆகும்" என்றார் முதலாளி, செய்தித்தாளிலிருந்து தலையைத் தூக்காமல்.

மறுநாளே நகல் வகுப்புக்குப் போனாள். கடைசி பெஞ்சில் உட்கார்ந்து ஒரு வரி விடாமல் குறிப்பெடுத்தாள். கல்லூரியில் யாரும் கண்டுகொள்ளவில்லை. இவள் நாள் முழுக்கக் கடையில் நின்றாள். நான்கு மணிக்கு அரை மணி நேர இடைவேளை. கடையின் பின்பக்கம் ஸ்பைரல் பைண்டிங் போட்டுக்கொண்டு மாலைக் கல்லூரியில் படித்தவனோடு ரயில் மேம்பாலம் வரை நடந்து திரும்புவாள். அந்த அரை மணியை மட்டும் அவள் யாருக்கும் விட்டுக்கொடுத்ததில்லை. என்ன இனிமையான நாட்கள் அவை!

கடைசி வருடப் பரீட்சை வந்தபோது இவளுக்குப் பாடங்களின் பெயர்கூடத் தெரியவில்லை.

"பரீட்சைய நான் எழுதுறேன். ஆனா ஒரு நாள், ஒரே ஒரு நாள், அவனோட நான் நடக்கணும்" என்றாள் நகல்.

பட்டம் இல்லாமல் வீட்டு வாசலை மிதிக்க முடியாது. இவள் தன் மஞ்சள் சுடிதாரைக் கொடுத்து, கன்னத்தில் கொஞ்சம் சிவப்பும் பூசி அனுப்பிவைத்தாள். அரை மணி கழித்துத் திரும்பிய நகல் நோட்டைத் திறந்து, பாடம் ஒப்பிப்பதுபோலச் சொன்னாள்: "கட்டிக்கிறியான்னு கேட்டான். நீ சரின்னு சொல்லிட்ட."

இவள் இயந்திரத்துக்குப் பின்னால் போய் உட்கார்ந்து அழுதாள். இரண்டு வருடம் பொத்திப் பொத்தி வைத்ததில், கைவிட்டுப் போனது அந்த ஒரு நாள்தான்.

பட்டம் வந்தது, கல்யாணம் நடந்தது, பிள்ளைகளும் வளர்ந்து ஆளாகிவிட்டார்கள். இன்னொரு தடவை கேளேன் என்று இவள் எத்தனையோ முறை கெஞ்சியிருக்கிறாள். "அதான் அன்னைக்கே சரின்னுட்டியே" என்று சிரிப்பான் அவன். அன்று சரி சொன்னது நகல் என்பது அவனுக்கு இன்றுவரை தெரியாது. நகல் அதே கல்லூரியில் பேராசிரியையாகிவிட்டாள். ஞாயிற்றுக்கிழமை வந்தால், அவன் குளிக்கப் போன நேரம் பார்த்து வீட்டுக்கு வந்து, மேம்பாலத்தில் அன்று அவன் பேசியதை முதலிலிருந்து சொல்வாள். கேள்வி வரும் இடத்தில் நிறுத்திக்கொள்வாள். இவள் புடவைத் தலைப்பைச் சரிசெய்துகொண்டு, "சரி" என்பாள்.