ஏறாத முள்

கப்பலேறித்தான் வர வேண்டிய எங்கள் தீவில், ஷாதிபூரில் எங்கள் சந்தில் ஜீப் வைத்திருந்த ஒரே ஆள் காண்ட்ராக்டர் சொக்கலிங்கம். சந்தேகம் எல்லோரிடமும் உண்டுதான். ஆனால் அவரிடம் இருந்த கையிருப்பு வேறு யாரிடமும் கிடையாது. பால்காரன் ஊற்றிய பாலை முகர்ந்து பார்த்துவிட்டுத்தான் உள்ளே அனுப்புவார். ஜீப்பின் பெட்ரோல் மூடிமேல் சுண்ணாம்பால் ஒரு கோடு இழுத்துவிட்டுத்தான் படுக்கப் போவார். காலையில் வேப்பங்குச்சியை வாயில் வைத்தபடியே குனிந்து, கோடு கலைந்திருக்கிறதா என்று பார்ப்பார். அவர் மனைவி ஜெயலட்சுமி அதைப் பார்த்தும் பார்க்காதவள்போல வாசல் தெளிப்பாள்.

மழைக்காலம் ஓய்கிற சமயத்தில் அந்த ஜீப்புக்குச் சீக்கு வந்தது. சாவியைத் திருப்பியவுடனே, எஞ்சின் ஒரு உறுமல் உறுமுவதற்குள், ஹீட் மீட்டரின் முள் குபீரென்று சிவப்புக் கோட்டுக்குப் போய் ஒட்டிக்கொண்டது. எஞ்சின் கொதிக்கிறது என்று அர்த்தம். ராத்திரி முழுக்கப் பனியில் நின்ற வண்டி எப்படிக் கொதிக்கும்?

சொக்கலிங்கம் அதை யோசிக்கவில்லை. "எவனோ ரேடியேட்டர் தண்ணியைத் தொறந்து விட்டிருக்கான்" என்று சொல்லி, எங்கள் வீடு உட்பட மூன்று வீடுகளை வரிசையாகப் பார்த்தார். ஜெயலட்சுமி மூடியைத் திறந்து விரலை விட்டாள். தண்ணீர் விளிம்புவரை இருந்தது. அப்புறம்தான் பக்கத்து வீட்டு அடைக்கலசாமியைக் கூப்பிட்டார்கள்.

அடைக்கலசாமி தூத்துக்குடிக் கடற்கரைக்காரன். சாத்தம் ஜெட்டிப் படகுத்துறையில் ஒரு சரக்குப் படகின் எஞ்சினைப் பார்த்துக்கொண்டிருந்தான். படகு கிளம்பினால் அவனும் போக வேண்டும். அது அவன் மனைவி சகாயசெல்விக்குப் பிடிக்காது. அவள் அண்ணனைக் கடல் கொண்டுபோனதிலிருந்து, இவன் திரும்பி வரும்வரை அவள் ஜெபமாலையைக் கீழே வைப்பதில்லை. அந்த நேரத்தில்தான் சொக்கலிங்கத்துக்குப் பக்கத்துத் தீவான பாராடாங்கில் ரோடு வேலை கிடைத்தது. லாரிகளைப் பார்த்துக்கொள்ள அங்கேயே தங்குகிற மாதிரி ஒரு மெக்கானிக் தேவைப்பட்டது. செல்வி போய்க் கேட்டாள். அவர் "பாக்கலாம்" என்றார். இவள் அதைச் சத்தியமாக எடுத்துக்கொண்டு டிரங்குப் பெட்டியைத் துடைத்து வெயிலில் வைத்துவிட்டாள். ஆக, ஜீப்பைச் சரிசெய்வதுதான் அந்த வேலைக்கான பரீட்சை என்று சந்துக்கே தெரியும்.

அடைக்கலசாமி பானெட்டைத் தூக்கினான். எஞ்சினின் தலைப்பகுதியில் கட்டைவிரல் அளவில் ஒரு பித்தளைச் சாமான் திருகியிருந்தது. அதன் உச்சியிலிருந்து ஒரே ஒரு ஒயர் மீட்டருக்குப் போயிற்று.

"இதுதான் அண்ணாச்சி யூனிட்டு. தண்ணி எம்புட்டுச் சூடுன்னு இதுதான் மீட்டருக்குச் சொல்லும். இப்போ ஒயரைக் கழத்துதேன், முள்ளைப் பாருங்க."

கழற்றினான். முள் சடாரென்று கீழே விழுந்தது. ஒயர் நுனியை எஞ்சின் இரும்பில் ஒரு தொடு தொட்டான். முள் சிவப்புக்குத் தாவியது.

"மீட்டரு நல்லாருக்கு, ஒயரும் நல்லாருக்கு. யூனிட்டுதான் உள்ளுக்குள்ள செத்துப்போச்சு. புதுசு போடணும்."

"நல்லா இருந்தது எப்படி தானா சாகும்?" என்றார் சொக்கலிங்கம்.

"மனுசன் சாகலையா அண்ணாச்சி?"

அந்தப் பதில் அவருக்குப் பிடிக்கவில்லை. ஊர்ப் பட்டறையில் விட மாட்டார், ஏனென்றால் பட்டறைக்குப் போகும் ஜீப் திரும்பி வரும்போது பாதி ஜீப்பாக இருக்கும் என்பது அவர் கட்சி. அதனால் கப்பலில் சமையல் வேலை பார்க்கும் பன்னீர்செல்வத்திடம் சொல்லி, மெட்ராஸிலிருந்து புது யூனிட் வரவழைத்தார். பன்னீர்செல்வம் ஜெயலட்சுமிக்குத் தூரத்து உறவு. அதனால் அவன்மேல் சந்தேகம் பாதிதான். யூனிட் வந்த அன்று சொக்கலிங்கம் அதை உள்ளங்கையில் வைத்துக்கொண்டு நின்ற நிலையைக் கோடி வீட்டு இந்திராணி எங்களுக்கு நடித்தே காட்டினாள். பெண்ணுக்குத் தாலி வாங்கியவர்கூட அப்படி நின்றிருக்க மாட்டார். பித்தளை பளபளவென்று மின்னியதாம்.

அதை மாட்டும்போது அவர் பக்கத்தில் நிற்க முடியாமல் போனதுதான் வினை. ஆபீஸில் கூப்பிட்டுவிட்டார்கள். "நீ பாத்துக்க" என்று ஜெயலட்சுமியை நிறுத்திவிட்டுப் போனார். அவள் சாம்பார் அடிப்பிடிக்கிறதே என்று உள்ளே போய்விட்டாள். அடைக்கலசாமி தனியாக மாட்டினான். படகுக்காரன் எப்படி மாட்டுவானோ அப்படி: மரைமேல் பருத்தி நூலை நெருக்கமாகச் சுற்றி, குங்கிலியமும் எண்ணெயும் காய்ச்சிய பசையை அதன்மேல் தாராளமாக அப்பி, ஒரு சொட்டுக்கூட வெளியே வராதபடி இறுக்கினான். கடலில் ஒரு ஓட்டை என்றால் என்னவென்று அவனுக்குத் தெரியும். "இனி மாதாவே வந்தாலும் கசிய வைக்க முடியாது" என்று ஜெயலட்சுமியிடம் பெருமையாகச் சொல்லிவிட்டுக் கையைக் கழுவினான்.

சொக்கலிங்கம் வந்து ஜீப்பை எடுத்துக்கொண்டு சாத்தம் வரை போனார், வந்தார். முள் அசையவே இல்லை. முன்பு எப்போதும் கொதித்தது, இப்போது எப்போதும் குளிர்ந்து கிடந்தது. அவர் பானெட்டைத் திறந்தார். தங்கம்போல மின்னிய சாமான் இருந்த இடத்தில் கருப்பாக, பிசுபிசுவென்று ஒரு கட்டி இருந்தது.

அவ்வளவுதான். புதுசை அடைக்கலம் அடித்துக்கொண்டு ஏதோ ஓட்டைச் சாமானைச் சொருகி, தெரியாமலிருக்க மேலே பூசிவிட்டான் என்று அவர் மனசில் ஒரு நொடியில் வழக்கு முடிந்து தீர்ப்பும் எழுதியாயிற்று. அதற்குத் தோதாக, அதே வாரம் அவனுடைய படகிலும் ஒரு பித்தளைச் சாமான் மாற்றினார்களாம். குழாயடியில் இந்திராணி சொன்னாள். என்ன சாமான் என்று கேட்டால் அவளுக்குத் தெரியாது. தெரியாதது அவள் பேச்சை என்றைக்குமே நிறுத்தியதில்லை.

எங்கள் சந்தில் ஒரு வழக்கம் உண்டு. தமிழில் சண்டை போட்டால் அது இரண்டு வீட்டுச் சமாசாரம். நாலு பேருக்குத் தெரிய வேண்டும் என்றால் ஹிந்தியில் போட வேண்டும். சொக்கலிங்கம் நடுச்சந்தில் நின்று ஹிந்தியில் போட்டார்.

"சோர் ஹை! ஏ ஆத்மி சோர் ஹை!"

எதிர்வீட்டுப் பெங்காலிக் கிழவர் மீன் கழுவிய கையோடு வெளியே வந்தார். தெலுங்கு வீட்டு ஜன்னல் திறந்தது. மலையாளி டீச்சர் வந்து, "கியா ஹுவா?" என்று கேட்டாள். அடைக்கலசாமி வாசலில் நின்றான். திருடன் என்று பெயர் வாங்கியவனுக்குப் பாராடாங் வேலை மட்டுமா போகும்? படகு முதலாளி காதுக்குப் போனால் இருக்கிற வேலையும் போகும்.

சகாயசெல்விதான் வெளியே வந்தாள். கையில் அகப்பை.

"அண்ணாச்சி, வண்டிய எங்கயும் எடுத்துட்டுப் போகாதிய. நாளைக்குப் பூசை முடிஞ்சு வந்து, எல்லாரும் பாக்க அவுக கழத்திக் காட்டுவாக. உங்க சாமான் அதுல இல்லைன்னா நாங்க அடுத்த கப்பல்ல ஊருக்குப் போறோம்."

ஞாயிற்றுக்கிழமை அன்று எங்கள் சந்தில் அரைமணி நேரத்துக்கு எந்த வீட்டிலும் உலை வைக்கவில்லை. செல்வி மட்டும் வைத்தாள், ஸ்டவ்வோடு தூக்கிக்கொண்டு வந்து ஜீப் பக்கத்தில். பானையில் வெறும் தண்ணீர் கொதித்தது. அடைக்கலசாமி யூனிட்டைக் கழற்றி, தலையில் இருந்த பசையை மண்ணெண்ணெய்த் துணியால் துடைத்தான். பித்தளை மின்னியது.

"இதுதானே அண்ணாச்சி நீங்க குடுத்தது?"

சொக்கலிங்கம் கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மறுபடி மாட்டிப் பார்த்தார். "பழசுக்குப் பாலிஷ் போட்டாலும் இப்படித்தான்ப்பா இருக்கும்."

"சரி, வேலை செய்யுதான்னு பாருங்க."

யூனிட்டின் உச்சியில் மீட்டர் ஒயரை மாட்டினான். அதன் பித்தளை இடுப்பில் இன்னொரு வெறும் செம்புக் கம்பியைச் சுற்றி, மறுமுனையை எஞ்சின் போல்ட்டில் கட்டினான். டிரைவர் சீட்டில் ஜெயலட்சுமி முந்தானையைச் சொருகிக்கொண்டு உட்கார்ந்து சாவியைத் திருப்பினாள். யூனிட் கொதிக்கிற தண்ணீரில் இறங்கியது.

"ஏறுதுங்க!" என்று அவள் கத்தினாள். "ஏறுது, ஏறுது, முக்காவாசி ஏறிருச்சு!"

சந்து முழுக்க ஒரு பெருமூச்சு. பெங்காலிக் கிழவர் தலையாட்டினார். செல்வி சிலுவை போட்டுக்கொண்டாள். அடைக்கலசாமி சிரித்துக்கொண்டே யூனிட்டைத் துடைத்து, புது நூலாகச் சுற்றி, பசை அப்பி, இருந்த இடத்தில் திருகினான். எஞ்சினை ஓடவிட்டான். ரேடியேட்டரைத் தொட்டால் கை சுடுகிற வரைக்கும் எல்லோரும் காத்திருந்தோம்.

"முள்ளு எங்கம்மா இருக்கு?" என்று சொக்கலிங்கம் கேட்டார்.

ஜெயலட்சுமி புருஷனைப் பார்க்காமல் சொன்னாள்: "கீழயே கெடக்குங்க."

"பாத்தீங்களா?" அவர் கூட்டத்தைப் பார்த்துத் திரும்பினார். "அவன் பானையில ஏறும், என் வண்டியில ஏறாது. என்ன மந்திரம் இது? துடைக்கிற சாக்குல சாமான மாத்திட்டான். அந்தத் துணிய உதறச் சொல்லுங்க."

துணியை உதறினார்கள். ஒன்றும் விழவில்லை. ஆனாலும் கூட்டத்தில் சில கண்கள் செல்வியின் பானைக்குள் எட்டிப் பார்த்தன. எனக்கும் ஒரு நொடி என்னவோபோல்தான் இருந்தது. இல்லையென்று சொன்னால் யார் நம்பப் போகிறார்கள்?

அடைக்கலசாமிக்கு முகம் வெளுத்துப்போயிற்று. இன்னும் ஒரு திருப்பு இறுக்கிப் பார்ப்போம் என்று ஸ்பேனரை யூனிட்டில் மாட்டினான்.

"ஏறுது!" என்றாள் ஜெயலட்சுமி.

ஸ்பேனரை எடுத்தான்.

"இறங்கிருச்சு."

மாட்டினான். "ஏறுது." எடுத்தான். "இறங்கிருச்சு. என்னப்பா அடைக்கலம், வெளையாடுறியா?"

அவன் ஸ்பேனரின் வாலைப் பார்த்தான். மாட்டும்போது வால் எஞ்சின் இரும்பில் படுத்துக்கொண்டிருந்தது. எடுத்தால் யூனிட்டுக்கும் இரும்புக்கும் நடுவில் நூலும் பசையும்தான். பானையில் இறக்கியபோது செம்புக் கம்பி செய்த வேலையை இப்போது ஸ்பேனர் செய்கிறது. அவனுக்குப் புரிந்துவிட்டது. அது அவன் கழுத்திலிருந்து காதுவரை சிவந்ததில் எங்களுக்கும் தெரிந்தது, என்ன புரிந்தது என்று மட்டும் தெரியவில்லை.

செல்வி கிட்டே வந்து மெதுவாகக் கேட்டாள். "என்னங்க?"

"நாந்தான் செல்வி கெடுத்தது," என்றான் அதைவிட மெதுவாக. "சொன்னா, இந்தக் கூறுகெட்டவனையா லாரி பாக்க வைக்கப் போறோம்னு கேப்பாரு. வேலை போச்சு."

"திருடன்னு சொல்லுததுக்கு அது எம்புட்டோ மேல். சொல்லுங்க."

அவன் எஞ்சினை நிறுத்தி, யூனிட்டை மறுபடி கழற்றினான். சுற்றிய நூலை நுனி பிடித்துப் பிரித்தான். அது பசையோடு நீளமாக வந்துகொண்டே இருந்தது. மரையைத் துடைத்து வெறும் பித்தளையாக்கித் தூக்கிக் காட்டினான்.

"அண்ணாச்சி, யூனிட்டும் உங்களது, சாமானும் நல்ல சாமான். தப்பு என்னது. ஒயரு ஒரு பக்கந்தான் வருது. மறுபக்கம் இந்தப் பித்தளை இரும்பைத் தொட்டாத்தான் எர்த்து கிடைக்கும், கரண்டு ஓடும். நான் பச்சப்புள்ளைக்குத் துணி சுத்துத மாதிரி நூலச் சுத்தி வச்சிட்டேன். படகுல எதைத் திருகினாலும் நூலு சுத்துவோம். கை தானாச் சுத்திருச்சு."

வெறுமனே திருகி, எஞ்சினை மறுபடி ஓடவிட்டான். எஞ்சின் சூட்டோடு இருந்ததால் காத்திருக்க வேண்டியிருக்கவில்லை. முள் எழுந்து, நடுவில் போய் நல்ல பிள்ளையாக நின்றது. குனிந்து பார்த்தான். ஒரு சொட்டுத் தண்ணீர்கூடக் கசியவில்லை. அத்தனை நேரம் தாங்கினவனுக்கு அதுதான் தாங்கவில்லை போலிருக்கிறது. "நூலே வேண்டாமாக்கும்" என்று முணுமுணுத்தான்.

சொக்கலிங்கம் ஜீப்பை ஒரு சுற்றுச் சுற்றி வந்தார். தன் குற்றத்தைத் தானே எடுத்து நீட்டுகிற ஆளை எந்தப் பக்கமிருந்து சந்தேகப்படுவது என்று அவருக்கு வழி தெரியவில்லை. வழி தேட அவகாசம் வேண்டியிருந்தது. இன்னொரு சுற்றும் வந்தார். அப்புறம் அடைக்கலசாமி காதருகே போய், "சரி சரி, நான் ஏதோ கோவத்துல சொல்லிட்டேன். திங்கக்கிழமை பாராடாங் கிளம்பு" என்றார்.

அடைக்கலசாமி தலையாட்டப் போனான். செல்வி நடுவில் வந்து நின்றாள்.

"அண்ணாச்சி, நீங்க காதுல சொன்னது எங்க ரெண்டு பேருக்குந்தான் கேட்டுச்சு. சோர்னு சொன்னது பெங்காலி வீடு வரைக்கும் கேட்டுச்சே. அதே மாதிரி இதையும் சொல்லுங்க."

"அதான் வேலை தாரேன்னு சொல்லிட்டேனேம்மா."

"வேலை அப்புறம். சொன்னாத்தான் அவுக வருவாக. இல்லைன்னா படகே போதும், எனக்கு ஜெபமாலை இருக்கு."

சொக்கலிங்கம் மனைவியைப் பார்த்தார். ஜெயலட்சுமி டிரைவர் சீட்டை விட்டு இறங்கவில்லை. சாவியைப் பிடுங்கி மடியில் வைத்துக்கொண்டாள். "சொல்லுங்க, எனக்கு அடுப்புல வேலை இருக்கு" என்றாள்.

அவர் தொண்டையைக் கனைத்தார். வானத்தைப் பார்த்தார். "ஏ ஆத்மி சோர் நஹீ ஹை" என்றார், பள்ளிக்கூடத்தில் ஒப்பிக்கிற குரலில். "ஜோர் ஸே போலோ!" என்று பெங்காலிக் கிழவர் எடுத்துக்கொடுத்தார். காது மந்தமானவர், பாவம். மறுபடி உரக்கச் சொல்ல வேண்டியதாயிற்று. அதற்குள் இந்திராணி உள்ளே போய்விட்டாள். அவள் வீட்டு ஜன்னல் மட்டும் ஒருக்களித்துத் திறந்திருந்தது.

திங்கட்கிழமை சாத்தம் ஜெட்டியில் செல்வி புருஷனை வழியனுப்ப வந்தாள். அழவில்லை. இனி பத்து நாளைக்கு ஒரு கடல் பயணம்தானே, தினமும் இல்லையே என்று என்னிடம் சொன்னாள். ரோடு வேலையை ஆள் வைத்தே பார்த்துவந்த சொக்கலிங்கம் அன்றைக்கு மட்டும் தானும் பாராடாங் வருவதாகச் சொல்லிப் படகில் ஏறினார். அடைக்கலசாமி தன் சாமான் பெட்டியைக் கால்களுக்கு நடுவில் வைத்துக்கொண்டு எஞ்சின் பக்கம் உட்கார்ந்தான். சொக்கலிங்கம் நிழலில் நல்ல இடம் காலியாக இருந்தும் அங்கே போகாமல், அவனுடைய இரண்டு கைகளும் தெரிகிற மாதிரி எதிரில் வெயிலில் உட்கார்ந்துகொண்டார்.