கதவு சாத்தி எழுதும் பரீட்சை

எங்கள் வீட்டில் பகலில் கதவு சாத்தக் கூடாது. சட்டம் போட்டவர் என் மாமியார் நல்லம்மாள். தோட்டத்துத் தொழிலாளர் லயத்தில் பிறந்து வளர்ந்தவர். அங்கே பகலில் ஒரு வீட்டுக் கதவு சாத்தியிருந்தால் உள்ளே சண்டை, இல்லாவிட்டால் சாவு. மூன்றாவதாக ஒரு காரணம் இருக்கலாம் என்பது அத்தைக்குத் தோன்றியதே இல்லை. தோட்டம் கைமாறி, லயத்தை இடித்து, அசாம் ஜாவா என்கிற ஊர்ப் பக்கத்தில் இந்தத் தாமான் குடியிருப்பில் வீடு வாங்கிக் குடிவந்த பிறகும் சட்டம் மாறவில்லை. வாசல் கதவு, அடுப்படிக் கதவு, எங்கள் படுக்கையறைக் கதவு எல்லாம் செங்கல் முட்டுக்கொடுத்துத் திறந்தே கிடக்கும். உடை மாற்றக் குளியலறைக்குத்தான் போக வேண்டும். அங்கேயும் கொஞ்சம் நேரமானால், "என்னம்மா தனேசு, வயித்துக்கு ஒத்துக்கலையா?" என்று குரல் வந்துவிடும்.

அத்தை கெட்டவர் இல்லை. அதுதான் பிரச்சினையே. கெட்ட மாமியாரோடு சண்டை போடலாம், நாலு பேரிடம் சொல்லி மூக்கைச் சிந்தலாம். இவர் நான் வேலை முடிந்து வந்ததும் மைலோ கலக்கித் தருவார். பிறகு எதிரில் உட்கார்ந்து, நான் குடித்து முடிக்கும்வரை என் முகத்தையே பார்த்துக்கொண்டிருப்பார். படுத்தால் கட்டில் ஓரத்தில் வந்து உட்கார்ந்து அன்றைக்கு வந்தவர் போனவர் கதையெல்லாம் சொல்வார். ஃபோனில் என் அம்மாவோடு பேசினால், "குடு, நானும் சம்பந்திகிட்ட ரெண்டு வார்த்த பேசறேன்" என்று வாங்கிக்கொள்வார். அதற்கப்புறம் ஃபோன் என் கைக்கு வராது.

வேலைக்குப் போனால் மட்டும் என்ன வாழ்கிறது? நான் கோலசிலாங்கூரில் ஒரு டயாலிசிஸ் சென்டரில் நர்ஸ். ஒரு மெஷின் கத்தி ஓய்ந்தால் அடுத்தது கத்தும். கல்யாணமான நாளிலிருந்து நான் தனியாக இருந்த நேரம் எது என்று யாராவது கேட்டிருந்தால் திருதிருவென்று விழித்திருப்பேன்.

இப்படி இருக்கும்போதுதான் அயர்லாந்து என்ற பேச்சு வந்தது. என்னோடு வேலை பார்த்த பெண் ஒருத்தி அங்கே போய், பனியில் நின்று எடுத்த படம் அனுப்பினாள். படத்தில் அவளைத் தவிர ஒரு ஈ, காக்கை இல்லை. பனியை நான் பார்க்கவில்லை. அந்தக் காலி இடத்தைத்தான் பார்த்தேன். அங்கே நர்ஸ் வேலைக்குப் போக ஐயெல்ட்ஸ் என்கிற இங்கிலீஷ் பரீட்சையில் நல்ல மார்க் வேண்டும். சாப்பாட்டு நேரத்தில் மெல்லச் சொன்னேன். 'அவ்வளவு தூரமா, வேண்டாம்' என்று அத்தை சொல்வார், நான் கொஞ்சம் அழுவேன், பிறகு சம்மதிப்பார் என்று கணக்குப் போட்டிருந்தேன்.

அத்தை அழ விடவே இல்லை. "போலாமே!" என்றார். போலாமே என்றால் எல்லாரும். முதலில் நான், பின்னாலேயே என் கணவர் புனிதன், அவர் பின்னால் அத்தை. மறுவாரமே பண்டல் கடையில் பழைய குளிர் ஜாக்கெட் மூன்று வாங்கி, துவைத்துக் காயப்போட்டுவிட்டார். பக்கத்து வீட்டு வேலம்மா கொடியைப் பார்த்து விசாரிக்க, அடுத்த வெள்ளிக்கிழமைக்குள் கோயில் முழுக்கச் செய்தி பரவியது. ஓடிப்போக நினைத்தவளுக்கு ஊரே கட்டுச்சோறு கட்டிக் கொடுத்து, துணைக்கு ஆளும் அனுப்பினால் எப்படி இருக்கும்? சிரிப்பதா அழுவதா என்றே தெரியவில்லை.

சரி, படிப்பையாவது படிப்போம் என்று, பயிற்சித் தாள்களை இணையத்திலிருந்து இறக்கி, மதார் சாகிபு கடையில் ஃபோட்டோஸ்டேட் எடுத்தேன். அவரே கம்பி போட்டு, மஞ்சள் அட்டை வைத்துப் புத்தகமாக்கித் தந்தார். அதன் முதல் பக்கத்தில்தான் என் விதி அச்சாகியிருந்தது. மாதிரித் தேர்வை உண்மையான பரீட்சை மாதிரியே எழுத வேண்டும், சத்தமில்லாத அறையில் தனியாக உட்கார வேண்டும், நடுவில் யாரும் குறுக்கிடக் கூடாது. புனிதன் அதை ஹாலில் உட்கார்ந்து அத்தைக்குத் தமிழில் படித்துச் சொன்னார்.

அத்தை தோட்டத்தில் களை வெட்டியவர். கங்காணி வேலை பார்க்கும் மண்டோர் சொன்ன நேரத்துக்கு ஒரு நாளும் பிந்தியதில்லை என்பது அவருடைய பெருமை. எழுத்தில் வந்த உத்தரவு என்றால் கேட்கவா வேண்டும்? "பரீட்சைன்னா பரீட்சதான்" என்று எழுந்தார். செங்கல்லைக் காலால் ஒதுக்கினார். என்னை உள்ளே விட்டு, தன் கையாலேயே கதவைச் சாத்தினார்.

நான் மேசையில் உட்கார்ந்தேன். அறையில் என்னைத் தவிர யாருமே இல்லை. முதல் கேள்வியைப் படிக்கும்போதே எழுத்தெல்லாம் கலங்கியது. அழுதுகொண்டிருந்தேன். துக்கமெல்லாம் இல்லை, அப்படி ஒரு சந்தோஷம்.

அன்றிலிருந்து ஒவ்வொரு ஞாயிற்றுக்கிழமையும் சாப்பாட்டுக்குப் பிறகு எனக்குப் பரீட்சை. வெளியே அத்தை காவல். சீரியலைச் சத்தமில்லாமல் ஓட விட்டு வாயசைவைப் பார்த்துக்கொண்டிருப்பார். வேலம்மா வந்தால், "மெதுவா பேசு, மருமக பரீட்சைல இருக்கா" என்று வாசலிலேயே மடக்கிவிடுவார். ஸ்பீக்கிங் தாளுக்கு மட்டும் கேள்வி கேட்க ஆள் வேண்டும் என்பதால் அது ஹாலில் நடக்கும். புனிதன் கேட்பார், நான் பதில் சொல்வேன், அத்தை ஒரு வார்த்தை புரியாமலே தலையாட்டுவார். மற்ற மூன்று தாளும் கதவுக்குப் பின்னால்.

ஆரம்பத்தில் ஒழுங்காகத்தான் எழுதினேன். புத்தகம் முடிந்தது. எல்லா விடையும் மனப்பாடமாகிவிட்டது. புதிதாகத் தாள் வாங்கலாம் என்று எனக்குத் தோன்றவே இல்லை. லிசனிங் ஒலிப்பதிவை மட்டும் ஹாலுக்குக் கேட்கும்படி ஸ்பீக்கரில் போட்டுவிடுவேன். ஓர் ஆள் நீச்சல் குளத்துக்கு ஃபோன் செய்து, உறுப்பினராவது எப்படி என்று விசாரிப்பான். அவன் விசாரிக்கட்டும் என்று சிமெண்டுத் தரையில் மல்லாந்து படுத்துக்கொள்வேன். ஃபேன் சுற்றுவதைப் பார்ப்பேன். காலை அகட்டிப் போடுவேன். யோசிப்பதற்குக்கூட எதுவும் வைத்துக்கொள்ள மாட்டேன். நேரம் முடிந்து வெளியே வந்தால் அத்தை என் முகத்தைத் துடைத்து, "பாவம், புள்ள எப்படி வாடிப் போச்சு" என்று மைலோ நீட்டுவார்.

உண்மையான பரீட்சை ஷா ஆலாமில் ஒரு ஹோட்டலில் நடந்தது. குடும்பமே காரில் ஏறியது. புளிச்சோறு, அவித்த முட்டை, விரிக்கப் பாய். அவர்கள் ஹோட்டல் வரவேற்பறையில் உட்கார, நான் உள்ளே போனேன். லிசனிங், ரீடிங் இரண்டும் தண்ணீர் பட்டபாடு. ரைட்டிங்கில் கட்டுரை. வயதான பெற்றோர் பிள்ளைகளோடு இருப்பது நல்லதா, தனியே இருப்பது நல்லதா என்று கேட்டிருந்தார்கள். இதே மாதிரி எத்தனை எழுதியிருக்கிறேன்! பென்சில் தானாக ஓடியது.

பாதியில் அயர்லாந்து கண்முன்னே வந்து நின்றது. காலி இடம் வரவில்லை. ஒரு சின்ன ஃபிளாட் வந்தது. குளிருக்குப் பயந்து ஜன்னலெல்லாம் அடைத்திருந்தது. உள்ளே அதே மூன்று பேர். பேச வேலம்மா இல்லை, போகக் கோயில் இல்லை, அதனால் அத்தை ஜாக்கெட்டைப் போட்டுக்கொண்டு காலையிலிருந்து என் எதிரிலேயே உட்கார்ந்திருந்தார். அப்புறம் எனக்கு எந்தப் பரீட்சையும் இல்லை. பாஸாகிவிட்டவளுக்கு எதற்கு மாதிரித் தேர்வு? பாஸானால் கதவு திறந்துவிடும், பெயிலானால் சாத்தியிருக்கும். இது என்ன பிழைப்பு என்று எனக்கே கேவலமாக இருந்தது. ஆனாலும் பென்சிலைக் கீழே வைத்துவிட்டேன். நேரம் முடியும்வரை கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.

முடிவு வந்தது. மற்றதெல்லாம் நல்ல மார்க், ரைட்டிங் மட்டும் படுத்துவிட்டது. புனிதன் ஃபோனில் பார்த்துச் சொன்னார். என்னை ஒரு பார்வை பார்த்தார். அத்தை கொஞ்ச நேரம் ஜாக்கெட் வைத்திருந்த அலமாரியைப் பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு, "ஆனைக்கும் அடி சறுக்கும். அழுவாத. இன்னொரு தடவ எழுதுனா போச்சு" என்றார். நான் தலையைத் தொங்கப் போட்டுக்கொண்டேன். உள்ளுக்குள்ளே குத்தாட்டம்.

அடுத்த ஞாயிறு மஞ்சள் அட்டைப் புத்தகத்தோடு அறைக்குப் போனேன். பின்னாலேயே புனிதன் வந்தார். கையில் பிளாஸ்டிக் நாற்காலி.

"என்ன?"

"நானும் உள்ள உக்கார்றேன்."

அத்தை வாசலில் நின்று விளக்கம் சொன்னார். "அவன்தாம்மா கேட்டான். நீ ஒத்தையா உக்காந்து உக்காந்து பயந்து போயிருக்கே, அதான் ரைட்டிங் மட்டும் படுத்துருச்சு. தொணைக்கு ஒரு ஆள் இருந்தா தெம்புதானே? ஸ்பீக்கிங்கையும் உள்ளயே வச்சுக்குங்க." செங்கல்லை ஒதுக்கிக் கதவைச் சாத்தினார்.

எனக்கு வந்த ஆத்திரத்தில் அந்தப் புத்தகத்தை அவர் முகத்திலேயே வீசலாம் போல இருந்தது. அத்தை தெரியாமல் செய்வார். இவர் கேட்டு வாங்கி வந்திருக்கிறார்.

"உங்களுக்கு இங்க என்ன வேல?" குரலை அடக்கிக் கேட்டேன்.

"டைம் பார்க்கணும்லா."

"எனக்கு மணி பார்க்கத் தெரியும். வெளிய போங்க."

அவர் போகவில்லை. நாற்காலியைப் போட்டு உட்கார்ந்தார். "தனேஸ், நீ வேணும்னேதான் பெயில் ஆனே."

"யார் சொன்னது?"

"யார் சொல்லணும்? ஒரே ஆளு எத்தன வாரந்தான் ஃபோன் பண்ணி ஸ்விம்மிங் பூல்ல சேரணும்னு கேப்பான்? அம்மாவுக்குத் தெரியாது. நான் வெளிய உக்காந்து கேட்டுக்கிட்டுதான இருக்கேன்."

"தெரிஞ்சுமா சும்மா இருந்தீங்க?"

"சொல்லி என்ன ஆவப்போவுது?" அவர் தரையைப் பார்த்துக்கொண்டு பேசினார். "உன்னக் கேள்வி கேக்க வரல. எனக்குப் போக்கிடம் இல்ல. அதான் வந்தேன்."

புனிதனுக்குப் புக்கிட் பெருந்துங்கில் ஒரு தொழிற்சாலையில் வேலை. வாரத்தில் பாதி நாள் ஓவர்டைம் என்று இருட்டின பிறகுதான் வருவார். அது பொய்யாம். நேரத்துக்கு வேலை முடித்து, எங்கள் வீட்டுத் திருப்பத்தையும் தாண்டி, சுங்கை செம்பிலாங்குக்குப் போய்விடுவாராம். மீன்பிடிப் படகுகள் நிற்கும் இடத்தில் காரை நிறுத்தி, சீட்டைச் சாய்த்து, கடலைப் பார்த்தபடி கிடப்பாராம்.

"அங்க என்ன செய்வீங்க?"

"ஒண்ணும் செய்ய மாட்டேன்."

"எத்தன நாளா?"

"கல்யாணத்துக்கு முன்னாடியே."

இப்போது கம்பெனியில் ஓவர்டைமை நிறுத்திவிட்டார்கள். கூட வேலை செய்யும் தீபனின் அம்மா அதைக் கோயிலில் அத்தையிடம் சொல்லிவிட்டாள். அன்றிலிருந்து வேலை முடிந்ததும் நேரே வீடு, மைலோ, எதிரில் அம்மா.

அவர்மேல் இரக்கம் வந்திருக்க வேண்டும். வந்தது, கொஞ்சம் தாமதமாக வந்தது. அதற்கு முன்னால் வயிறு எரிந்தது. நான் குளியலறையில் நின்று மூச்சு விட்டுக்கொண்டிருந்த வருஷமெல்லாம் இந்த மனிதருக்கு ஒரு கடலே இருந்திருக்கிறது!

"எனக்கு ஒரு வார்த்த சொல்லியிருக்கலாம்ல?"

புனிதன் தலையை நிமிர்த்தினார். சொல்லலாமா வேண்டாமா என்று யோசிப்பது தெரிந்தது.

"சொன்னா நீயும் வரேம்பே."

கன்னத்தில் அறைந்தது போல இருந்தது. திட்டத்தான் வாயைத் திறந்தேன். அவர் நாற்காலியோடு வந்து நின்றபோது எனக்குள் எரிந்ததும் இதே நெருப்புதானே? இவரை உள்ளே விடக் கூடாது என்றுதானே நினைத்தேன்? இரண்டு பேரும் ஒருவர்மேல் ஒருவர் ஆசையாகத்தான் இருக்கிறோம், அதில் பொய் இல்லை. ஆனால் ஒருவர் இல்லாத இடத்தைத்தான் இன்னொருவர் இத்தனை வருஷமாகத் தேடியிருக்கிறோம்.

"என்ன, சத்தமே காணோம்?" வெளியிலிருந்து அத்தையின் குரல். "ஆரம்பிச்சாச்சா?"

"ஆச்சும்மா!" என்றார் புனிதன். புத்தகத்தைப் புரட்டி ஸ்பீக்கிங் தாளின் முதல் கேள்வியை இங்கிலீஷில் உரக்கப் படித்தார். நீங்கள் யாரோடு வசிக்கிறீர்கள்?

கணவரோடும் மாமியாரோடும் என்று நானும் இங்கிலீஷில், ஹாலுக்குக் கேட்கும்படி சொன்னேன். எங்கள் வீட்டில் எல்லாரும் ஒற்றுமை என்றும் சேர்த்துக்கொண்டேன். அத்தை சமாதானமாகி நகர்ந்து போனார்.

புனிதன் நாற்காலியைச் சத்தமில்லாமல் தூக்கிச் சுவரைப் பார்த்துப் போட்டு, எனக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்தார். என்னால் தரையில் படுக்க முடியவில்லை. மேசையில் கன்னத்தை வைத்துக் கண்ணை மூடினேன். யாரும் இல்லை என்று நினைத்துக்கொள்ளப் பார்த்தேன். ஃபேன் சத்தத்தையும் மீறி அவர் மூச்சு விடுவது கேட்டுக்கொண்டே இருந்தது.