தேயாமல் நின்ற ‘டா’

ஆம்பூர்க்காரர்கள் பழைய ஞாபகத்தைத் தேய்த்து மாற்றிக்கொள்வது பெரும்பாலும் ஞாயிற்றுக்கிழமைதான். சாயம் காய ஒரு பகல் வேண்டும், திங்கட்கிழமை ஷிப்டுக்குப் போயாக வேண்டும். முறை தோல் பட்டறையிலிருந்து வந்தது. முள்வேலி கிழித்த தோலையும் உண்ணி கடித்த தோலையும் இங்கே யாரும் வீசி எறிவதில்லை. மேல்பக்கத்தை உப்புத்தாளால் தேய்த்து, சாயம் பூசி, சூடான தகட்டில் அழுத்தினால் வடு இருந்த இடம் தெரியாது. வெளிநாட்டுக்காரன் தடவிப் பார்த்துவிட்டு வாங்கிப் போவான். ஞாபகத்துக்கும் அதே வேலைதான். உள்ளங்கை அளவு தோல் துண்டை நெஞ்சில் வைத்து நடந்ததைச் சொல்லி, தேய்த்து, சாயம் பூசி, நடந்திருக்க வேண்டியதைச் சொல்லிக்கொண்டே இஸ்திரிப்பெட்டியால் அழுத்த வேண்டும். இதைக் கண்டுபிடித்தது நாங்கள்தான் என்று வாணியம்பாடிக்காரர்கள் சொல்வார்கள். சொல்லிவிட்டுப் போகட்டும், அப்படி ஞாபகத்தைத் தேய்த்து மாற்றியிருப்பார்கள்.

பத்தாம் வகுப்பில் கோட்டை விட்டது, நின்றுபோன நிச்சயதார்த்தம் என்று சின்ன விஷயங்களைத் தேய்ப்பதால் யாருக்கும் பேஜார் இல்லை. கிருபானந்தம் தேய்த்தது பெரியது. அவன் தம்பி வசந்த், பட்டறைக் கழிவுநீர்த் தொட்டியில் விஷவாயு அடித்துச் செத்தவன். அன்று அடைப்பெடுக்க வரச் சொல்லியிருந்தது கிருபானந்தத்தை. ஜலதோஷம் என்று போர்வையை விட்டு எழாமலே, “நீ போடா, ஒரு மணி நேர வேலைதான்” என்று தம்பியை அனுப்பினான். மனைவி ஜெஸி கொல்லையில் துணி துவைத்துக்கொண்டிருந்ததால் அது அவள் காதில் விழவில்லை. வசந்த் தானாகத்தான் போனான் என்று எல்லோரும் நம்பினார்கள். ஆனால் சோற்றில் கை வைத்தாலும், சர்ச்சில் மண்டியிட்டாலும் கிருபானந்தத்துக்கு அந்த ஒரு வரி கேட்டது. இரண்டு வருஷத்தில் ஆள் பாதியாகிப்போனான். பாவம்தான், அதையும் சொல்லத்தான் வேண்டும்.

கூட வேலை செய்யும் சுஹேல் அகமதுதான் தோல் துண்டு கொடுத்தவன். “பாத்து தோஸ்த், ஜாஸ்தி தேய்க்காத, கிழிஞ்சுடும்” என்று மட்டும் எச்சரித்தான்.

கிருபானந்தம் பட்டறையின் ஃபினிஷிங் பிரிவில் மேல்பக்கத்தைத் தேய்த்தே பழகியவன். அடிப்பக்கம் ஷூவுக்குள் போய்விடும், யார் பார்க்கப் போகிறார்கள்? ஆகவே, சொன்னது தன் வாய் என்பதை மட்டும் வழுவழுவென்று தேய்த்தான். சொன்ன சொல்லை விட்டுவிட்டான். சொல் இருக்கிறது, சொன்ன வாய் இல்லை. அது அந்த வீட்டில் அடுத்த வாயைத் தேடிப் போனது.

மறுநாள் காலை பால் காய்ச்சிக்கொண்டிருந்தபோது ஜெஸிக்கு ஞாபகம் வந்தது, வசந்தைத் தொட்டிக்கு அனுப்பியது தான்தான் என்று. பால் பொங்கி அடுப்பை அணைத்தது. கிருபானந்தம் அன்று நான்கு இட்லி கூடச் சாப்பிட்டான். அவனுக்கும் அது அப்படித்தான் ஞாபகம் இருந்தது. மனதில் ஒளித்து வைக்கத் தெரியாதவன், பக்கத்துத் தெருவிலிருக்கும் தன் அம்மா அமிர்தவள்ளியிடமும் சொல்லிவிட்டான். அன்றிலிருந்து அமிர்தவள்ளி மருமகள் கையால் தண்ணீர் வாங்குவதில்லை.

ஜெஸி அழுதுகொண்டே நைட் டியூட்டிக்குப் போய் வந்தாள். நர்ஸ் வேலை, லீவு கிடைக்காது. அழுகை ஓய்ந்த ஒரு நாளில்தான் அந்த வரியை நிதானமாகக் கேட்டுப் பார்த்தாள். போடா. கல்யாணமாகி வந்ததிலிருந்து அவள் கொழுந்தனைக் கூப்பிட்டது “தம்பி, வாங்க, போங்க” என்றுதான். கோபத்தில்கூட ‘நீ’ என்று சொன்னதில்லை.

“நான் தம்பியை எப்பனா டா போட்டுப் பேசியிருக்கேனா? நீங்களே சொல்லுங்க.”

கிருபானந்தம் யோசித்துப் பார்த்தான். கண் கலங்கியது. “வுடு ஜெஸி. தெரியாம சொல்லிட்ட. நான் எப்பவோ மன்னிச்சிட்டேன்.”

அவன் பொய் சொல்லவில்லை. அதுதான் அவளுக்குத் தாங்கவில்லை.

அந்த ஞாயிற்றுக்கிழமை பீரோவுக்கு அடியில் கிருபானந்தம் தேய்த்து மிச்சம் வைத்திருந்த தோலையும் உப்புத்தாளையும் எடுத்தாள். இஸ்திரிப்பெட்டி சூடாகிக்கொண்டிருந்தது. கூடத்தில் மகள் ஜாஸ்மின், மூன்றாவது படிப்பவள், மாலை போட்ட படத்துக்கு முன்னால் நின்று பேசிக்கொண்டிருந்தாள். “டேய் சித்தப்பா, சண்டே ஸ்கூல்ல இன்னிக்கு நான்தான்டா ஃபர்ஸ்ட்டு.” அப்படிக் கூப்பிடச் சொல்லிக்கொடுத்ததே வசந்த்தான்.

ஜெஸியின் கை நின்றது. கிருபானந்தத்தின் வாய் ஏற்கனவே தேய்ந்தது, தன் வாயிலிருந்தும் தேய்த்தால் அந்தச் சொல் போய்ச் சேர வீட்டில் மிச்சமிருப்பது இந்த வாய்தான். இந்த வாயில் அந்த ‘டா’ அப்படியே பொருந்தும். சித்தப்பாவைச் சாகக் கொடுத்தது தான்தான் என்று பிள்ளை நம்பிவிடும். சந்தேகப்பட அதற்கு ஒரு எழுத்துகூட மிச்சமிருக்காது. ஜெஸி சுவிட்சை அணைத்தாள். உப்புத்தாளால் அரிவாள்மணையின் துருவைத் தேய்த்தாள்.

வருஷா வருஷம் வசந்துக்கு வீட்டில் நினைவு ஜெபம் நடக்கிறது. ஜெபம் முடிந்ததும் அமிர்தவள்ளி எல்லோர் முன்னாலும் கேட்பாள், “எம் புள்ளைய யாரு அனுப்புனது?”

“நான்தான் அத்தை. நீ போடான்னு சொன்னேன்” என்பாள் ஜெஸி. இப்போதெல்லாம் அந்த ‘டா’ அவள் வாயில் தடுக்குவதில்லை.

பதிலைக் கேட்டதும் அமிர்தவள்ளிக்குத் தாகம் எடுக்கும். ஜாஸ்மின் சொம்பில் தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தால் வாங்கிக் குடித்துவிடுகிறாள்.