கூலிங் கிளாஸுக்கு ஒரு ஜிப் பை

நெரவியிலிருந்து காரைக்காலுக்கு ஸ்கூட்டரில் வேலைக்குப் போய்வருபவள் சந்திரலேகா. ஹேண்ட்பேக்கில் சாவியோடு உரசி உரசி அவளுடைய கூலிங் கிளாஸ் முழுக்கக் கீறல். புதிதாக ஒன்று வாங்கியவள், அதற்கு ஒரு பை தைக்க ஞாயிற்றுக்கிழமை காலையிலேயே மெஷின் முன்னால் உட்கார்ந்துவிட்டாள். மேலுக்கு மிச்சமிருந்த ரவிக்கைத் துணி, உள்ளுக்குப் பழைய லுங்கி. ஜிப்புக்குத்தான் வழியில்லை.

“கதவுக்குப் பின்னால என் பழைய பேண்ட் தொங்குது, அதுல பிரிச்சுக்க” என்றான் கணவன் சிவராமன், பேப்பரிலிருந்து தலை தூக்காமலே.

பிரித்தாள். ஜிப்பை வைத்துத் தைத்து, துணியின் நல்ல பக்கம் உள்ளே போகும்படி மடித்து, ஓரமெல்லாம் தையல் அடித்து முடித்தாள். திருப்பலாமென்று பார்த்தால் ஜிப் மூடிக் கிடந்தது. விரல் நுழையக்கூட இடமில்லை.

சிவராமன் விழுந்து விழுந்து சிரித்தான். “ஜிப்பைத் தொறந்து வைக்கணும்னு கூடவா தெரியாது?”

அவளுக்குச் சுள்ளென்று ஏறியது. ஒரு பக்கத் தையலைப் பிரித்து, ஜிப்பைத் திறந்து, மறுபடி அடித்தாள். திருப்பியதும் பை கச்சிதமாக வந்தது. கண்ணாடி வழுக்கிக்கொண்டு உள்ளே போனது.

அதற்குள் தலத்தெருவில் ஒரு கல்யாணத்துக்குக் கிளம்ப நேரமாகிவிட்டது. அறைக்குள்ளிருந்து அலறல் கேட்டது.

“சந்திரா! என் புது பேண்ட்ல ஜிப்பைக் காணோம்!”

“ரெண்டு பேண்டும் ஒரே கலர்ல தொங்கிச்சுங்க. தலையத் தூக்கி எதுன்னு காட்டியிருக்கலாம்ல?”

“இப்ப இதை எப்படிப் போட்டுக்கிட்டு வர்றது?”

சந்திரலேகா தன் பையின் ஜிப்பைச் சர்ரென்று இழுத்து மூடினாள்.

“தொறந்து வைக்கணும்னு நீங்கதானேங்க சொன்னீங்க!”