தெரியாமல் இருக்கும் வேலை

தையல்காரர் வலது கையால் ஒரு மரக்கட்டையை எடுத்து, பெட்டியின் நடுவே இருந்த தடுப்பை நோக்கிக் கொண்டுபோனார். கை நடுங்கியது. கட்டை எப்படியோ மறுபக்கம் விழுந்துவிட்டது. ஆனால் விரல்நுனி தடுப்பைத் தாண்டினால்தான் கணக்கு, தாளில் ஒரு கோடு. கை இந்தப் பக்கமே இருக்க, கட்டையை எறிந்தால் சேராது. தாண்டவில்லை. நான் பென்சிலை அசைக்கவில்லை. சுவரோரம் உட்கார்ந்திருந்த அவர் மனைவி, கைப்பையை மடியில் இறுக்கிப் பிடித்துக்கொண்டு, அவர் கை எழும்போதெல்லாம் தன் தோளையும் தூக்கித் தூக்கி இறக்கிக்கொண்டிருந்தார்.

பக்கவாதத்தில் கை விழுந்துபோனவர்களை வைத்து நடக்கும் ஆய்வு எங்களுடையது. சீட்டுக் குலுக்குவதுபோல் கம்ப்யூட்டர் ஆட்களை இரண்டாகப் பிரிக்கும். பாதிப் பேருக்குப் புதிதாக வந்த மிஷினில் கைப்பயிற்சி, மீதிப் பேருக்கு எப்போதும் கொடுக்கிற பயிற்சி. ஆறு மாதம் கழித்து, கை எவ்வளவு தேறியிருக்கிறது என்று அளப்பவள் நான். யார் எந்தப் பக்கம் என்பது எனக்குத் தெரியவே கூடாது. அதனால் எனக்குத் தனி அறை, தனி வாசல். சாப்பாட்டு அறைக்குள் நான் நுழைந்தால், பயிற்சி கொடுப்பவர்கள் சட்டென்று பேச்சை நிறுத்திவிட்டு மழையைப் பற்றி ஆரம்பிப்பார்கள். வெயில் கொளுத்துகிற மாதத்திலும் மழைதான். முதுகுக்குப் பின்னால் எனக்குச் செவிட்டு மேடம் என்று பெயர். இந்த ஊரில் யாரோடும் ஒட்டாமல் போனதற்கு என் சுபாவம் பாதிக் காரணம், வேலை பாதிக் காரணம்.

"அப்படி என்னதான்டி வேலை?" என்று ஒருநாள் அம்மா போனில் கேட்டாள்.

"யாருக்கு என்ன வைத்தியம்னு தெரியாம இருக்கறதும்மா."

"இதுக்குச் சம்பளம் வேறயா? வீட்டுல என்ன நடக்குதுன்னே தெரியாம உங்கப்பா ஆயுசு பூரா சும்மாவே இருந்தாரே!"

சிரித்தேன். போனை வைத்த பிறகு அறை முன்னைவிடப் பெரிதாகத் தெரிந்தது.

தையல்காரர் அடுத்த கட்டையைத் தொட்டவர், தலையைத் தூக்கி என்னைப் பார்த்தார். "தங்கச்சி, அந்த மிஷினை மட்டும் திருப்பி அனுப்பிராதீங்க. அதுல கையைக் கட்டி ஆட்டுனதுக்கப்புறம்தான் ஊசியே பிடிக்கிறேன்."

மனைவி பாய்ந்து வந்து அவர் தோளில் ஒரு அடி வைத்தார். "யோவ்! பஸ்ஸுல வரும்போதுகூடப் படிச்சுப் படிச்சு சொன்னேனே! அந்த வாயைக் கொஞ்ச நேரம் பூட்டி வைக்க முடியாதா உன்னால?"

அவர் கை மட்டும் நிற்கவில்லை. பேச்சோடு பேச்சாக அந்தக் கட்டையும் மறுபக்கம் போய் விழுந்தது. முன்னதைப் போலவேதான், விரல் தாண்டவில்லை. ஆனால் குனிந்து பார்த்தபோது என் பென்சில் ஒரு கோடு போட்டிருந்தது.

அந்தக் கோட்டையே பார்த்துக்கொண்டிருந்தேன். வேண்டுமென்று போட்டதில்லை. யாரும் பிடித்துத் தள்ளவும் இல்லை. அவர் ஊசி பிடிப்பதை நினைத்தேன், அவ்வளவுதான்.

கடிகாரத்தை நிறுத்தினேன். "அண்ணே, இதுக்கு மேல நான் உங்களை அளக்கக் கூடாது. வேற ஆள் வந்து முதல்ல இருந்து அளக்கணும்."

"ஏன், என் கை உங்களுக்கு ஆகாதா? அப்ப நான் பொய் சொல்றேங்கறீங்களா?"

"உங்க கை பொய் சொல்லாதுண்ணே. நான்தான் சொல்லிருவேன்."

ஆய்வை இங்கே நடத்தும் பெரிய டாக்டரின் அறைக்குப் போனேன். அவர் கெட்டவர் இல்லை. அந்த மிஷினைக் கொண்டுவர எத்தனையோ வாசல் ஏறி இறங்கியவர். நான் சொன்னதைக் கேட்டுக் கண்ணாடியைக் கழற்றி மேஜைமேல் வைத்தார்.

"அவரை அளக்கறதுக்கு இன்னைக்குத்தான் கெடு. இங்க உனக்கு மாத்து ஆளும் லீவுல. ஒரு ஆளோட கணக்கு விட்டுப்போனா அதுவும் ஆய்வுக்குக் கெடுதல்தானே?"

"கெடுதல்தான் சார்."

"அப்ப காதுல விழலைன்னு நினைச்சுக்கிட்டு முடிச்சிரு. யாருக்குத் தெரியப் போகுது?"

"எனக்குத் தெரிஞ்சிருச்சே சார். தெரியக் கூடாதவ நான் ஒருத்திதானே."

அவர் சிரிக்கவில்லை. "உன் வேலை இந்த மாசத்தோட முடியுது. நீட்டிக்கச் சொல்லி நான்தான் எழுதணும். ஞாபகம் இருக்கா?"

ஞாபகம் இருந்தது. வாடகை, அம்மாவின் மருந்து, திரும்பிப் போவதற்கான டிக்கெட் எல்லாம் ஒன்றாகக் கண்முன் வந்து நின்றன. கால் தானாக வாசல் பக்கம் திரும்பியது. போய் நாலு கோடு போட்டால் முடிந்தது. ஆனால் அந்த நாலு கோடும் தையல்காரரின் கை சம்பாதித்தவையாக இருக்காது. நாளைக்கு இதே வியாதியோடு வருகிற யாரோ ஒருவர், என் இரக்கத்தை வைத்தியம் என்று நம்பிக் கையை நீட்டுவார். இத்தனை நாள் மழைப் பேச்சைக் கேட்டுக்கொண்டு தனியாகச் சாப்பிட்டது அதற்காகவா?

"முடியாது சார்," என்றேன். அவர் மேஜையிலிருந்த போனையே என் பக்கம் இழுத்து, ஆய்வின் தலைமை அலுவலகத்தைக் கூப்பிட்டேன். அவர் தடுக்கவில்லை. கண்ணாடியைத் துடைத்துக்கொண்டே இருந்தார். நடந்ததை அப்படியே சொன்னேன், நான் போட்ட கோட்டையும் சேர்த்து. மறுமுனையில் இருந்த பெண், பக்கத்து ஆஸ்பத்திரியிலிருந்து சாயங்காலத்துக்குள் ஆள் அனுப்புவதாகச் சொன்னாள். "அவங்க அளந்து முடிக்கிற வரைக்கும் அவரு வாயைத் திறக்காம பாத்துக்கங்க," என்றாள்.

போனை வைத்தேன்.

"மாசக் கடைசியில பேசுவோம்," என்றார் பெரிய டாக்டர்.

"பேசுவோம் சார்."

வெளியே வராந்தா பெஞ்சில் இருவரும் உட்கார்ந்திருந்தார்கள். விஷயத்தைச் சொன்னேன், வாயைத் திறக்கக் கூடாது என்பதையும் சேர்த்து. தையல்காரர் என் முகத்தைப் பார்க்காமல் கேட்டார்: "மிஷின் இல்லாமலே இந்தக் கை இவ்வளவு தேறியிருக்குமோ?"

"இருக்கலாம். இல்லாமலும் இருக்கலாம். அதைக் கண்டுபிடிக்கத்தான் இவ்வளவு பாடும்."

"வர்றவங்ககிட்ட எதையாவது உளறிட்டா?"

"திரும்பவும் போன் பண்ணுவேன்."

"உளறுவாரு," என்றார் மனைவி. "கல்யாணத்தன்னைக்கே உளறுன ஆளு."

அவர் முறைத்தார். பிறகு எழுந்து, கட்டுப் போடும் அறையில் நர்ஸிடம் ஏதோ கேட்டுவிட்டு, ஒரு பிளாஸ்திரிச் சுருளோடு திரும்பி வந்தார். "வாய்க்கு," என்றார். இடது கையில் சுருளைப் பிடித்துக்கொண்டு வலது கையால் நுனியை நிமிண்டினார். நகத்தில் சிக்காமல் வழுக்கியது. மறுபடி நிமிண்டினார். ஒரு விரற்கடை உரிந்து கட்டைவிரலில் ஒட்டிக்கொண்டது. மனைவி கையை நீட்டினார். வேண்டாம் என்று முழங்கையால் தள்ளிவிட்டார். வராந்தாவின் கடைசியில் லிஃப்ட் திறந்து, தோளில் பையும் கழுத்தில் பக்கத்து ஆஸ்பத்திரி அட்டையும் மாட்டிய ஒரு பெண் அறை எண்களைப் பார்த்தபடி எங்களை நோக்கி வந்தாள். தையல்காரர் உதட்டை இறுக்கி மூடிக்கொண்டார். வலது கை விறைத்து நடுங்க, பிளாஸ்திரியை நீளமாக, இன்னும் நீளமாக, இழுத்துக்கொண்டிருந்தார்.